செத்தவன் கட்டு

கிமோனோவைச் செத்தவனுக்குக் கட்டுகிற மாதிரி கட்டிக்கொண்டுவிட்டார் கொம்பையா. தப்பு அதுதான். உயிரோடு இருக்கிறவன் இடது மடிப்பை மேலே போட வேண்டும், வலது மேலே வந்தால் பிணம். ஜப்பான்காரன் வழக்கம் அப்படி. இவருக்கு யார் சொன்னார்கள்? சொல்ல வந்தவனையும் இவர் விடவில்லை. துணி கட்டிவிடுகிற ஆள் முழங்காலில் உட்கார்ந்து இடுப்பில் கையை வைத்தான். எடுப்பா கையை, எனக்குக் கட்டத் தெரியும் என்று தமிழிலேயே சொன்னார். அவனுக்கும் புரிந்துவிட்டது. பிறந்ததிலிருந்து இடது கைக்காரர். வேட்டியைக்கூட ஊர் கட்டுகிற பக்கம் கட்டமாட்டார், இவர் தலைப்பு முஸ்லிம்கள் கட்டுகிற மாதிரி இடது பக்கம்தான் விழும். மில்லில் கூட வேலை பார்த்த மீரான் அதைப் பார்த்து, நம்ம பக்கம் ஒரு ஆள் கூடிட்டான்வே என்று சிரிப்பான். அந்தப் பழக்கத்தில் கை தானாகப் போனது. அந்தக் கையிலும் சுண்டுவிரலும் மோதிர விரலும் மடங்காது, விறகுச் சுள்ளி மாதிரி நீட்டிக்கொண்டு நிற்கும். சட்டைப் பொத்தான் மாட்டுவது வீட்டுக்காரி வேலை. கலியாணத்துக்கு மறுநாள் காலையில் ஆரம்பித்தாள், இன்னும் விடவில்லை. கையத் தூக்குங்க என்பாள், தூக்குவார், மாட்டிவிட்டுப் போவாள். இன்றைக்கு ஆண்களை ஒரு அறையிலும் பெண்களை ஒரு அறையிலும் அடைத்துவிட்டார்கள். ஆகையால் தானே கட்டிக்கொண்டார். கண்ணாடியில் பார்த்தார். சாம்பல் நிறத் துணிக்குள் ஒரு கிழவன். சரி, போதும்.

ஊர் சுற்ற வேண்டும் என்று இவர் கேட்கவில்லை. மகள் பணம் கட்டிவிட்டாள். பஸ் முழுக்கத் தமிழ் ஆட்கள், இன்றைக்குக் கியோட்டோவில் ஒரு நாள், பழைய ஜப்பானைக் காட்டுகிறார்களாம். காலையில் துணி, பிறகு தோட்டம், பிறகு தேநீர், மத்தியானம் வாள். கூட்டிக்கொண்டு போகிற ஹருமி மதுரையில் தமிழ் படித்தவள். தாங்கள் அனைவரும் மெல்ல வாருங்கள், ஈரக் கற்கள் வழுக்கும் என்கிறாள். பஸ்ஸில் இருக்கிறவர்களுக்கு அது ஒரு சிரிப்பு. கொம்பையாவுக்கு அவள் தமிழ் பிடித்திருந்தது, சிரிக்கிறவர்களைப் பிடிக்கவில்லை. தோட்டத்தில் ஒரு மூங்கில் குழாய். தண்ணீர் நிறைய நிறையச் சாய்ந்து, கொட்டிவிட்டுத் திரும்பிக் கல்லில் மோதும். டொக். காட்டுப் பன்றியை விரட்டக் கண்டுபிடித்ததாம். கொஞ்ச நேரம் ஒன்றுமிருக்காது. ஓய்ந்துவிட்டது என்று நினைக்கிறபோது டொக். இந்தச் சத்தத்தை எங்கேயோ கேட்டிருக்கிறோமே என்று கொம்பையாவுக்கு இருந்தது. கட்டையில் தடி விழுகிற சத்தமா? அப்பா அகப்பைக் காம்பால் இடது கையில் போடுகிற சத்தமா? சோத்துக் கை எது, சொல்லுல, சொல்லு. பள்ளிக்கூடத்தில் வாத்தியார் அந்தக் கையைப் பெஞ்சோடு சேர்த்துக் கட்டியே வைத்திருந்தார். கை கேட்கவில்லை. கைக்குக் காது ஏது? பக்கத்தில் தாயுமானவன் நொண்டி நொண்டி வந்தார். தஞ்சாவூர்ப் பக்கம், ரிட்டையரான அரசாங்க அதிகாரி என்று ஏர்போர்ட்டில் சொன்னவர். மனைவி இல்லை, தனி ஆள். நல்ல மனிதர். காலைச் சாப்பாட்டுக்குத் தினமும் இவர்கள் மேசைக்குத்தான் வருவார். ஜப்பான் சோற்றைத் தின்ன முடியாமல் உட்கார்ந்திருந்தவருக்கு வீட்டுக்காரி பருப்புப்பொடி டப்பாவைத் திறந்து வைத்தாள். அன்றிலிருந்து தங்கச்சி, தங்கச்சி என்றுதான் பேச்சு. இவரை அண்ணாச்சி என்பார். எங்க அண்ணாச்சி பேசவே மாட்டாரு தங்கச்சி, எப்புடித்தான் காலம் தள்ளுனீங்க? அவள் சிரிப்பாள். இவரும் ஒரு தடவை சிரித்தார்.

தேநீர் வீட்டுக்கு வாசல் கிடையாது. சுவரின் அடியில் ஒரு பொந்து. நாய் நுழைகிற அளவு. எவ்வளவு பெரிய பிரபுவாக இருந்தாலும் இடைவாளை வெளியே மாட்டிவிட்டுத் தலையைத் தாழ்த்தித் தவழ்ந்துதான் உள்ளே போக வேண்டும், உள்ளே எல்லோரும் சமம் என்றாள் ஹருமி. தாயுமானவன் இவருக்கு முன்னால் போனார். முழங்கால் வராமல் திணறி, கையை ஊன்றி, கழுத்தை நீட்டினார். பிடரியில் மூன்று மடிப்பு, நடுவில் நரை மயிர். வாத்து மாதிரி இருக்கிறது என்று கொம்பையா நினைத்தார். அவ்வளவுதான் நினைத்தார். அப்போது தெரியாதே. உள்ளே பாயில் எல்லோரும் குதிகால்மேல் உட்கார்ந்து முட்டி போட வேண்டும். வீட்டுக்காரி இவருக்கு இடது பக்கம், தாயுமானவன் வலது பக்கம். முட்டி போட முடியாதென்று அவருக்கு மட்டும் ஒரு குட்டி முக்காலி. கோப்பைகள் பழையவை, கீறல் விழுந்துவிடும், மோதிரமும் கடிகாரமும் அணிந்தோர் கழற்றிவிடுங்கள் என்றாள் ஹருமி. தாயுமானவன் வாட்ச்சைக் கழற்றினார். கழற்றி, வாரை விரலில் சுற்றி, கண்ணாடியைக் கட்டைவிரலால் ஒரு தடவை துடைத்தார். நாக்கை மேலண்ணத்தில் ஒரு தட்டு தட்டினார். பிறகு பக்கத்தில் இருப்பது யார் என்று திரும்பிப் பார்க்காமலே கையை நீட்டினார். இதப் புடிங்க. கொம்பையாவின் வலது கை தானாக விரிந்தது. வாட்ச் அதில் விழுந்தது. சூடாக இருந்தது. ஆள் சூடு. வெளியே மூங்கில் டொக் என்றது. அவ்வளவுதான், எல்லாம் வந்துவிட்டது.

எல்லாம் என்றால் எல்லாம். கோவில்பட்டி ஸ்டேஷன் சுண்ணாம்புச் சுவர், மூலையில் மூத்திர நாற்றம், மேலே முப்பது வாட்ஸ் பல்பு. மில் ஸ்டிரைக்குக்காக வெளி ஜில்லாவிலிருந்து இறக்கிய எஸ்.ஐ. ஒருத்தன். பேர் தெரியாது, சட்டையில் பேர்ப்பட்டையைக் கழற்றிவிட்டுத்தான் வேலையை ஆரம்பிப்பான். ஒல்லி, மீசை, வெற்றிலை போடாத வெள்ளைப் பல். இந்தத் தொப்பையும் மூன்று மடிப்புப் பிடரியும் அப்போது இல்லை. மேனேஜர் கார்க் கண்ணாடியில் கல்லெறிந்தவன் இடது கைக்காரன் என்று கூர்க்கா சொல்லிவிட்டான். எறிந்தது கொம்பையாதான். அதில் சந்தேகம் இல்லை, வருத்தமும் இல்லை. மறுபடி அந்தக் கார் வந்தால் மறுபடி எறிவார். முட்டி போட வைத்தார்கள். இதே மாதிரி, குதிகால்மேல். எதிரே நாற்காலியில் அவன் உட்கார்ந்தான், இதே மாதிரி, ஒரு கை உயரத்தில். அடிக்கவே இல்லை. தாகமா இருக்கும், தண்ணி குடி என்று டம்ளரை நீட்டினான். ராத்திரியிலிருந்து நாக்கு வறண்டு கிடந்தது. இடது கையை நீட்டி வாங்கிக் குடித்தார். அவன் நாக்கைத் தட்டினான். வாட்ச்சைக் கழற்றினான், துடைத்தான், இதப் புடி என்று இவருடைய வலது கையில் வைத்தான். எச்.எம்.டி. வாட்ச். கீழே விழுந்துச்சு, அப்புறம் நீ இல்ல. லாக்கப் கதவுக் கீல் பக்கம் ஒரு சந்து இருக்கும். அதில் விரலை வை என்றான். பிடித்து வைக்கவில்லை. நீயே வை என்றான். இவரே வைத்தார். அதுதான். கதவு சாத்தினது கூட இல்லை, எலும்பு பேசின சத்தம் கூட இல்லை, இவரே கொண்டுபோய் வைத்ததுதான் இத்தனை வருசமாக நெஞ்சில் முள். ஒரு தடவை, இன்னொரு தடவை, சாத்தினான். கத்தினாரா? தெரியவில்லை. வலது கையில் வாட்ச் ஓடிக்கொண்டிருந்தது தெரியும். விடவில்லை. விழவிடவில்லை. முடிந்ததும் அவன் வாங்கிக் காதில் வைத்துக் கேட்டான். பரவால்ல, பத்திரமாப் புடிச்சிருக்க என்றான்.

தேநீர் பரிமாறுகிற பெண் ஒருத்தி உள்ளறைக் கதவை நகர்த்தி உள்ளே வந்து, உட்கார்ந்து, மறுபடி கதவை மூடினாள். மூடினபோது கொம்பையாவின் மடங்காத விரல் இரண்டும் மடங்கப் பார்த்தன. காகிதக் கதவு, ஓசையே இல்லை, இருந்தாலும். அடுப்பில் இரும்புக் கெண்டி. கொதிக்கிறது. கைக்கு எட்டுகிற தூரம். எடுத்து அந்தப் பிடரியில் ஊற்றினால் மூன்று மடிப்பும் கழன்று வரும், கோழி தோல் உரிக்கிற மாதிரி. தேநீரைக் கலக்குகிற மூங்கில் துடைப்பம் இருக்கிறதே, மெல்லிய குச்சிகள், கண்ணில் செருகித் திருகினால் போதும். ஒருவேளை வேறு ஆளாக இருந்தால்? வாட்ச்சைத் துடைக்கிறவன் உலகத்தில் ஒருத்தனா? அந்த நாக்குத் தட்டு? வேறு ஆள்தான், வேறு ஆளாக இருக்கட்டும், சாமி, வேறு ஆளாக இருக்கட்டும். நம் பொடியைத் தின்றவன். அண்ணாச்சி என்று கூப்பிட்டவன். எட்டு நாளில் பாதியை அவன் பக்கத்தில் உட்கார்ந்து கழித்தாயே, மூக்கு இல்லையா உனக்கு? ஹருமி பேசிக்கொண்டிருந்தாள். கோப்பையை வலக்கையால் எடுத்து இடது உள்ளங்கையில் அமர்த்துங்கள், அழகான பக்கம் தங்களை நோக்காதவாறு சற்றுத் திருப்புங்கள், அது பணிவு. கோப்பை இவருக்கு முன்னால் வந்தது. பச்சை நுரை. தாகம். எந்தக் கை? இடதை நீட்டினால் பார்ப்பான். வலதில் வாட்ச். கோப்பை காத்துக்கொண்டு நின்றது, கொண்டுவந்த பெண் தலை குனிந்தபடியே இருந்தாள், பஸ் ஆட்கள் எல்லோரும் இவரையே பார்த்தார்கள். டொக். இடது கையை நீட்டினார். வாங்கிக் குடித்தார். வேப்பிலைக் கசப்பு. வீட்டுக்காரி பார்த்தாள். வாட்ச்சைப் பார்த்தாள், இவர் முகத்தைப் பார்த்தாள், இவரைத் தாண்டி முக்காலியைப் பார்த்தாள். வாட்ச் கதையை அவளிடம் ஒரே ஒரு தடவை சொல்லியிருக்கிறார், கலியாணமான புதிதில், ஏன் இந்த விரல் ரெண்டும் என்று அவள் கேட்டபோது. அதற்குப் பிறகு அந்த வீட்டில் அந்தப் பேச்சே இல்லை. அவள் தன் கோப்பையைக் கீழே வைத்தாள். முடிந்ததும் தாயுமானவன் கையை நீட்டினார். கொம்பையா கொடுத்தார். மறுபடியும் கொடுத்தார், உடைக்காமல், கீழே போடாமல். அவர் அதைக் காதில் வைத்துக் கேட்டார்.

"பரவால்ல அண்ணாச்சி, பத்திரமாப் புடிச்சிருக்கீங்க."

வெளியே வெயில். கூழாங்கல் பரப்பி வாரி இழுத்த கோடுகளுக்கு நடுவே பெரிய கற்கள். கற்களின் எண்ணிக்கையில் ஏதோ தத்துவம் சொல்கிறாள் ஹருமி. கொம்பையா எந்தக் கல் கைக்கு அடங்கும் என்று பார்த்தார். ஓரத்தில் ஒன்று, ஆட்டுத் தலை அளவு. அதை மூன்று விரலால் தூக்க முடியாது. முன்னால் தாயுமானவன் யாரையோ போட்டோ எடுத்துக்கொண்டிருக்கிறார், சிரிங்க சிரிங்க என்கிறார். அந்தப் பல். மில்லில் திரும்பச் சேர்க்கவில்லை. பலசரக்குக் கடை வைத்து, பொட்டலம் கட்டக் கை வராமல், வீட்டுக்காரி கட்ட, இவர் எடை போட, அப்படியே ஓடிவிட்டது. எத்தனை ராத்திரி அவனைக் கொன்றிருப்பார். கடைத் தராசின் படிக்கல்லால். அரிவாள்மனையால். கிணற்றில் தள்ளி. ஒவ்வொரு தடவையும் அவன் ஒல்லியாக, மீசையோடுதான் செத்தான். இப்படி மூட்டு வலியோடு ஒரு கிழவனாக எதிரே வந்து நிற்பான் என்று யார் கண்டது? எதிரில் நிற்கிற இவனை அடித்தால் அந்த ஒல்லிப் பயல் சாவானா? ஹருமி பக்கத்தில் வந்து நின்றாள். முகம் வெளுத்திருந்தது. ஐயா, பொறுத்தருள வேண்டும், காலையிலேயே நான் கவனித்திருக்க வேண்டும் என்று இழுத்தாள். என்ன என்றார். வலப்பக்கம் மேலே வருவது இறந்தவர்களுக்கு உடுத்தும் முறை ஐயா, மாற்றிக் கட்டிவிடுகிறேன், யாரும் பார்க்குமுன் என்றாள். கொம்பையா குனிந்து தன் மார்பைப் பார்த்தார். வலது மேலே. சிரிப்பு வந்தது. எத்தனையோ நாளாகத் தேடின சாவி இடுப்பிலேயே தொங்கின மாதிரி. இருக்கட்டும் என்றார். ஐயா, அது அபசகுனம் என்றாள். இருக்கட்டும்மா, எனக்குச் சரியாத்தான் இருக்கு. அவள் விலகினாள். செத்தவன். நல்லதாகப் போயிற்று. செத்தவனை எவன் தூக்கில் போடுவான்? செத்தவனுக்கு மகள் ஏது, பேரன் ஏது, பாஸ்போர்ட் ஏது? ஊரில் பிணத்துக்கு எல்லாவற்றையும் மாற்றித்தானே செய்கிறோம், இடமாகச் சுற்றி, உடைந்த பானையோடு. மத்தியானம் வாள் இருக்கிறது. நிஜ வாள். காலையிலேயே சொன்னாள். நடக்கும்போது கால் லேசாக இருந்தது.

வாள் கூடம் பெரிய மர மண்டபம். தரை வழவழவென்று எண்ணெய் போட்ட மாதிரி. வாத்தியார் ஒரு கிழவர், இவர் வயது இருக்கும், பேச்சே இல்லை. பேசாதவனைப் பார்த்தால் கொம்பையாவுக்கு ஒரு மரியாதை. தண்ணீரில் ஊறப்போட்ட பாயை உருளையாகச் சுருட்டி ஆணியில் நட்டு வைத்திருந்தார்கள். இப்படி நனைத்த பாய்ச் சுருள் மனிதத் தசைக்கு ஒப்பானது என்பார்கள் என்றாள் ஹருமி. உள்ளுக்குள்ள ஒரு மூங்கிலச் சொருகிட்டா எலும்பும் ஆச்சு என்று பின்னாலிருந்து தாயுமானவன் சொன்னார். நாலு பேர் சிரித்தார்கள். தரையில் வெள்ளைக் கோடு. கோட்டைத் தாண்டி யாரும் வர வேண்டாம், ஒவ்வொருவராக வரலாம், விருப்பமுள்ளவர் மட்டும். கொம்பையா முதலில் போனார். வீட்டுக்காரி ஏதோ சொல்ல வாயெடுத்தாள். இவர் திரும்பவில்லை. திரும்பினால் போச்சு. வாத்தியார் இரண்டு கையாலும் ஏந்திக் கொடுத்தார். கனம். நினைத்ததைவிடக் கனம், ஆனால் கனமெல்லாம் கைப்பிடியிலேயே இருந்தது, நுனி மிதந்தது. இவர் இடது கையை மேலே வைத்துப் பிடித்தார். வாத்தியார் தலையை ஆட்டினார், விரலைத் தொட்டு வலதை மேலே மாற்றினார். இடது கைக்காரர்களும் இப்படித்தான் பிடித்தார்கள், வாளுக்கு ஒரே முறைதான் என்றாள் ஹருமி. எல்லாவற்றுக்கும் ஒரே முறைதான். அப்பாவுக்கு ஒரே முறை, பள்ளிக்கூட வாத்தியாருக்கு ஒரே முறை. சரி என்று தலையாட்டினார். வாள் வாத்தியார் நாலடி விலகினதும் இடது கையை மறுபடி மேலே கொண்டுவந்தார். மூன்று விரல் சுற்றிப் பிடித்தன, இரண்டு விரல் காற்றில் நீட்டிக்கொண்டு நின்றன. சுருளைப் பார்த்தார். அது கழுத்து. மூன்று மடிப்பு. ஓங்கினார். நெஞ்சுக்குள் எங்கேயோ கதவு சாத்துகிற சத்தம் வந்தது, அதற்கு முன்னால் கை இறங்கிவிட்டது. சுருளின் மேல்பாதி சரிந்து, நின்று, யோசித்து, விழுந்தது. ஈரம் தெறித்தது. தடையே இல்லை. ஒரு மனிதனுக்கு இவ்வளவுதான் தடை என்றால்! பின்னால் எல்லோரும் கை தட்டினார்கள். வாத்தியார் வாளைத் தாழ்த்தும்படி சைகை காட்டினார். கொம்பையா தாழ்த்தவில்லை. ஏனென்றால் தாயுமானவன் போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு கோட்டைத் தாண்டி வந்துகொண்டிருந்தார். ஹருமி தடுத்தாள். அவருக்குக் கோடு எப்போதும் அடுத்தவனுக்குப் போட்டது. ஒரு போட்டோம்மா, ஒண்ணே ஒண்ணு. வந்து நின்றார். சரியான தூரம். சுருள் நின்ற தூரம்.

"அடேயப்பா அண்ணாச்சி, இடது கைல இந்தப் போடு போடுறீங்களே. எங்க சர்வீஸ்ல ஒரு பய இருந்தான், இதே மாதிரி பீச்சாங்கைக்காரன், கோவில்பட்டில. கல்லெறிஞ்சான். அப்புறம் எறியவே இல்ல. அவன் விரல அவனையே கதவுச் சந்துல வைக்க வச்சேன்ல."

சிரித்தார். அந்தப் பல். கோட்டுக்குப் பின்னால் இருந்தவர்களும் என்ன ஏதென்று தெரியாமல் சேர்ந்து சிரித்தார்கள். சரி. வேறு ஆள் இல்லை. தானே சொல்லிவிட்டான், வாயாலேயே. இனி ஒன்றும் யோசிக்க வேண்டியதில்லை. வாள் நுனி தானாகக் கொஞ்சம் திரும்பியது, தண்ணீர் பள்ளத்துக்குத் திரும்புகிற மாதிரி. தொண்டைக்குழி துடிக்கிறது அவனுக்கு. காலரில்லாத துணி, வெட்டவென்றே திறந்து வைத்த மாதிரி. இடது மேலே, வலது கீழே, சரியாகக் கட்டியிருக்கிறான், உயிருள்ளவன் கட்டு. உனக்குக் கட்டிவிட ஆள் இருந்திருக்கிறது. நான் செத்தவன், நீ இருக்கிறவன், ஒரு நொடியில் மாற்றிவிடலாம். ஓங்க வேண்டாம், தள்ளினாலே போதும், வெண்ணெயில் போகிற மாதிரி போகும், இப்போதுதான் பார்த்தாயே. ரத்தம் இந்த வழவழத் தரையில் எப்படி ஓடும்? மரம் குடிக்குமா? வாத்தியாருக்குப் புரிந்துவிட்டது. அவர் மூச்சு மாறியது, ஒரு கால் முன்னால் நகர்ந்தது, ஆனால் அவர் தூரத்தில் இருந்தார், இவர் கிட்டத்தில். மூங்கில் எங்கே? ஏன் அடிக்கவில்லை? அது அடித்தால் செய்வது என்று நினைத்தார். தோட்டம் எங்கோ இருக்கிறது, இங்கே கேட்காது. அடிக்கட்டும். காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்தார். அப்போது தரையில் வெறுங்கால் நடக்கிற சத்தம் கேட்டது. பட், பட், பட். வீட்டில் அடுப்படியிலிருந்து முன்வாசலுக்கு வருகிற அதே நடை. நீலத் துணியில் பூப்போட்ட கிமோனோவை முழங்காலுக்கு மேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு வீட்டுக்காரி கோட்டைத் தாண்டி வந்தாள். வாளைப் பார்க்கவில்லை. தோசை திருப்புகிற சட்டுவத்தைக்கூட அவள் இதைவிட மரியாதையாகப் பார்த்திருப்பாள். வாளுக்கும் அந்த ஆளுக்கும் நடுவே நுழைந்து, அவனுக்கு முதுகைக் காட்டி நின்று, இவர் இடுப்புக் கச்சையில் கை வைத்தாள்.

"ஏளா, தள்ளு" என்றார்.

"கையத் தூக்குங்க" என்றாள்.

காலையில் சொல்கிற அதே குரல். கை உயர்ந்தது. அது கேட்காத கை, அப்பாவுக்கும் பள்ளிக்கூட வாத்தியாருக்கும் கேட்காத கை, அவன் ஒருத்தனுக்கு மட்டும் கேட்டுவிட்ட கை; இப்போது ரெண்டு கையும் வாளோடு சேர்ந்து தலைக்கு மேலே போய் நின்றன. பின்னாலிருந்து யாரோ வாளை மெல்ல உருவினார்கள், பிள்ளை கையிலிருந்து கிலுகிலுப்பையை எடுக்கிற மாதிரி. உள்ளங்கை வெறுமையானது. அழவேண்டும் போல இருந்தது, அழவில்லை. கச்சை அவிழ்ந்தது. துணி இரண்டு பக்கமும் விலகி, பனியனும் நரைத்த மயிரும் ஊருக்கே தெரிய நின்றார். பெண்கள் கூட்டத்தில் யாரோ கொல்லென்று சிரித்து, உடனே நிறுத்திக்கொண்டார்கள். அவள் அவசரப்படவில்லை. வலது மடிப்பை இடுப்போடு இழுத்து உள்ளே வைத்தாள். இடது மடிப்பை அதன்மேல் கொண்டுவந்தாள். சாகல இன்னும், காலையில இருந்து பொணம் மாதிரி திரியுதீக, அந்தப் பிள்ள சொல்லியும் கேக்கல என்று பல்லுக்குள் முணுமுணுத்தாள். கச்சையைச் சுற்றி இழுத்து முடிந்தாள், மூச்சு முட்டும்படி. பிறகு தூக்கியிருந்த இடது கையைப் பிடித்து இறக்கி, அதை விடாமலே திரும்பினாள். தாயுமானவன் போனைக் கையில் வைத்தபடி நின்றிருந்தார். அவள் அந்தக் கையை அவர் முகத்துக்கு நேரே நீட்டினாள், கடையில் அழுகல் காயைத் திருப்பிக் கொடுக்கிற மாதிரி.

"அந்தப் பய இவுகதான். கை இந்தா இருக்கு, பாத்துக்கிடுங்க."

அவர் பார்த்தார். பார்க்காமல் இருக்க முடியவில்லை. மடங்காத விரல் இரண்டும் அவர் மூக்குக்கு எதிரே நின்றன. இல்ல தங்கச்சி, எனக்கு ஒண்ணும் ஞாபகம் இல்ல, யாரையோ சொன்னேன், விளையாட்டுக்கு என்று ஆரம்பித்தார். இப்பத்தான சொன்னீக, எல்லாரும் கேட்டாக என்றாள். ஹருமி தலையைக் குனிந்துகொண்டாள். அவர் வலது கை இடது மணிக்கட்டுக்குப் போனது, வாட்ச் வாரைத் தேடிப் பிடித்தது, கழற்றவில்லை, அப்படியே பொத்திக்கொண்டது. உதடு ஆடியது. நாக்குத் தட்டுகிற சத்தம் வரும் என்று கொம்பையா காத்திருந்தார். வரவில்லை. அவர் பின்பக்கமாகவே நடந்து கோட்டுக்கு அந்தப் பக்கம் போனார். அங்கே நின்றவர்கள் வழி விட்டார்கள். கொஞ்சம் அதிகமாகவே விட்டார்கள். சுவரைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தார், முக்காலி கொண்டுவர யாரும் போகவில்லை. கொம்பையாவுக்கு ஜெயித்த மாதிரி இல்லை. கொன்றிருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று இன்னும் கை யோசித்துக்கொண்டிருந்தது. அது யோசிக்கட்டும், அதற்கு இனி வேறு வேலை இல்லை. ஒல்லிப் பயல் செத்தானா தெரியாது. இன்றைக்கு ராத்திரி வருவானாக இருக்கும். வந்தால் வரட்டும். குனிந்து மார்பைப் பார்த்தார். வீட்டுக்காரி என்பார், ஏளா என்பார், பேர் சொல்லிக் கூப்பிட்டதில்லை, கூப்பிட வேண்டிய தேவை வந்ததில்லை. வாளை வாங்கியது வாத்தியார். கட்டை அவிழ்த்து, அந்த ஆளின் கண் முன்னாலேயே, இடது மேலே வரும்படி திருத்திக் கட்டிவிட்டது சுடலைவடிவு.